பி17 என்று ஒரு வைட்டமின் கிடையாது

மறுபடியும் அதே கதை. மரவள்ளியில் புற்றுநோயைத் தீர்க்கும் 'வைட்டமின் பி17' இருக்கிறது என்று வாட்ஸ்அப்பில் வந்த செய்தியை நம்பி, பச்சை மரவள்ளிக்கிழங்கைத் தோலோடு பிளெண்டரில் அடித்து, வெறும் வயிற்றில் ஒரு கிளாஸ். சற்று நேரத்தில் தலைசுற்றல், குமட்டல், நெஞ்சுப் படபடப்பு. "உடம்புல உள்ள கழிவு வெளியாகுது, அப்படித்தான் இருக்கும்" என்று பக்கத்து வீட்டு ஆறுதல். மருந்தகத்துக்கு வருவது வாந்தி மாத்திரை வாங்க. என்ன குடித்தீர்கள் என்று நான்கு முறை கேட்டால்தான் பதில் வருகிறது: "பி17 தங்கச்சி. இயற்கைதானே?"

மலேசியாவில் சுங்கை சிப்புட் போன்ற தோட்டப்புற ஊர்களில் மரவள்ளி இல்லாத வீட்டுக் கொல்லை குறைவு. லயன் வீட்டுக் காலத்திலிருந்தே சோற்றுக்குத் துணையாகவும், ஜப்பான்காரன் காலத்தில் சோறாகவே இருந்தும் நம்மைக் காப்பாற்றிய கிழங்கு அது. அதைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. அதன் பேரில் சுற்றிவரும் ஒரு வேதியியல் சொல்லை ஆளாளுக்கு வளைப்பதுதான் பிரச்சினை.

அந்தச் சொல் சயனோஜெனிக் கிளைகோசைடு. முதலில் கிளைகோசைடு. ஒரு சர்க்கரை மூலக்கூறோடு வேறு ஒரு பொருள் ஒட்டியிருந்தால் அது கிளைகோசைடு, அவ்வளவுதான். ஸ்டீவியா இலையின் இனிப்பு கிளைகோசைடு. மலச்சிக்கலுக்குக் கொடுக்கும் நிலாவரையில் வேலை செய்வதும் கிளைகோசைடு. அரளி விதையில் இதயத்தை நிறுத்துவதும் கிளைகோசைடுதான். ஆகவே புட்டியின் லேபிளில் 'இயற்கைக் கிளைகோசைடுகள் நிறைந்தது' என்று போட்டிருந்தால், அதிலிருந்து உங்களுக்குத் தெரியவருவது ஒன்றுமில்லை. சர்க்கரையோடு ஒட்டியிருப்பது எது என்று கேளுங்கள். விற்பவருக்குத் தெரியாவிட்டால் வாங்காதீர்கள். (நீரிழிவுக்காரர்கள் 'இதில் சர்க்கரை இருக்கிறதாமே' என்று பயப்படுவதும் தேவையில்லாதது. கவலைப்பட வேண்டிய இடம் அதுவல்ல.)

ஒட்டியிருக்கும் பொருள் உடையும்போது ஹைட்ரஜன் சயனைடை வெளிவிட்டால், அந்தக் கிளைகோசைடுதான் சயனோஜெனிக். மரவள்ளியில் இருப்பவை லினமாரினும் லோட்டாஸ்ட்ராலினும். இவை சும்மா இருக்கும்போது சயனைடு இல்லை. இவற்றை உடைக்கும் லினமாரேஸ் என்ற நொதி அதே கிழங்கில் வேறு இடத்தில் இருக்கிறது. லினமாரின் செல்லுக்கு உள்ளே, நொதி செல் சுவரில். கடித்தாலோ துருவினாலோ இடித்தாலோ இரண்டும் சந்திக்கும். பிளெண்டரில் நடப்பதும் இதுதான், ஆனால் ஒரே நிமிடத்தில், ஒரே கிளாஸில், ஆறவிடாமல், அழுத்திப் பிழியாமல். மரவள்ளியைச் சாப்பிட இதைவிட மோசமான வழியை யோசித்துக் கண்டுபிடிப்பது சிரமம்.

இப்போது பி17. வைட்டமின் என்றால், அது குறைந்தால் ஒரு நோய் வரவேண்டும். வைட்டமின் சி குறைந்தால் ஸ்கர்வி, பி1 குறைந்தால் பெரிபெரி. 'பி17' குறைந்து ஒருவருக்கும் ஒரு நோயும் வந்ததில்லை, ஏனென்றால் அப்படி ஒரு வைட்டமின் இல்லை. அது அமிக்டாலின் என்ற பொருளுக்கும் அதிலிருந்து செய்த 'லேட்ரைல்' என்ற சரக்குக்கும் விற்பனைக்காகச் சூட்டிய பெயர். அமிக்டாலின் ஒன்றும் புதுக் கண்டுபிடிப்பல்ல. 1830லேயே கசப்பு பாதாமிலிருந்து பிரித்தெடுத்துவிட்டார்கள். புற்றுநோய் மருந்து என்று அதைப் பரப்பியது இருபதாம் நூற்றாண்டின் அமெரிக்க வியாபாரம். சரி, சோதித்துத்தான் பார்ப்போமே என்று அங்கேயே 178 நோயாளிகளுக்குக் கொடுத்துப் பார்த்து, 1982ல் முடிவை வெளியிட்டார்கள். கட்டி சுருங்கவில்லை, ஆயுள் நீளவில்லை. சிலருடைய இரத்தத்தில் சயனைடு மட்டும் அபாய அளவை நெருங்கியது.

இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். மரவள்ளியில் இருப்பது அமிக்டாலினே அல்ல, லினமாரின். பொய் சொல்கிறவர்கள் பொருளையாவது சரியாகப் பிடித்திருக்கலாம். "சயனைடு புற்றுநோய்ச் செல்லை மட்டும் தேடிக் கொல்லும்" என்பதும் அதே செய்தியில் வரும் வாசகம். சயனைடு தேடுவதில்லை. எந்தச் செல் ஆக்ஸிஜனைப் பயன்படுத்துகிறதோ அந்தச் செல்லின் வேலையை நிறுத்தும். மூளையும் இதயமும் அதில் முன்வரிசை.

இணையத்தில் விற்கும் கசப்பு ஏப்ரிகாட் கொட்டையில் இருப்பது உண்மையிலேயே அமிக்டாலின். அதனால் அது மேலானது என்று நினைக்க வேண்டாம். ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையம் 2016ல் போட்ட கணக்குப்படி, பெரியவர் ஒரே வேளையில் மூன்று சிறிய பச்சைக் கொட்டைகளுக்கு மேல் தின்றாலே பாதுகாப்பு அளவு தாண்டும். குழந்தைக்கு ஒன்றுகூட வேண்டாம். இதோடு வைட்டமின் சி மாத்திரையை அள்ளிப் போடச் சொல்லும் 'மருத்துவக் குறிப்பு' இன்னும் கொடுமை. அதிக வைட்டமின் சி, சயனைடு வெளியாவதைக் கூட்டி, அதை முறிக்கும் உடம்பின் சக்தியையும் குறைக்கும்.

புற்றுநோய் வார்டுக்கு வரிசையில் காத்திருக்கும் குடும்பங்களின் பயம் புரிகிறது. ஈப்போ ஆஸ்பத்திரிக்கு அடுத்த அப்பாயிண்ட்மென்ட் வரும்வரை கையைக் கட்டிக்கொண்டு உட்கார முடியவில்லை என்பதும் புரிகிறது. குடிப்பதாக இருந்தால், தயவுசெய்து டாக்டரிடம் சொல்லிவிட்டாவது குடியுங்கள். திட்டுவார் என்று மறைத்தால், கீமோவின் பக்கவிளைவு எது, சயனைடு எது என்று அவரால் பிரித்துப் பார்க்க முடியாது.

அதே செய்தியின் வாலில் ஒன்று தொங்கும்: மரவள்ளி சாப்பிட்டு எட்டு மணி நேரத்துக்கு இஞ்சி தொடக்கூடாது. இஞ்சிக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. நொதி மரவள்ளிக்குள்ளேயே இருக்கிறது, வெளியிலிருந்து யாரும் கொண்டுவர வேண்டாம். இஞ்சியை ஒதுக்கிவிட்டுக் கிழங்கை அரைவேக்காடாகத் தின்பதுதான் ஆபத்து.

சமையலுக்கு வருவோம். 'வேகவைத்தால் விஷம் போய்விடும்' என்பது பாதி உண்மை. சயனைடு வாயு 26 டிகிரியிலேயே கொதித்துப் பறந்துவிடும், நம் ஊர் வெயிலே அதற்குப் போதும். லினமாரின் அப்படியல்ல, கொதிநீரையும் தாங்கும். முழுக்கிழங்கையோ கைத்தடி மாதிரித் துண்டுகளையோ கொதிக்கும் நீரில் போட்டால், நொதி முதலில் செத்துவிடும், லினமாரின் உள்ளேயே உட்கார்ந்திருக்கும். அதில் ஒரு பகுதியைக் குடல் பாக்டீரியா பிறகு உடைக்கும். லினமாரின் நீரில் கரையும் என்பதே நம் கையில் உள்ள பிடி. அதனால் துண்டு சிறிதாக, தண்ணீர் தாராளமாக, பானை திறந்து. வெந்ததும் தண்ணீரைக் கொட்டிவிடுங்கள். அந்தத் தண்ணீரில் குழம்பு கூட்டாதீர்கள்.

தோல் இரண்டு அடுக்கு. காகிதம் போன்ற பழுப்புத் தோலை மட்டும் சுரண்டிவிட்டு, அதன் கீழ் உள்ள தடித்த, சில ரகங்களில் இளஞ்சிவப்பாக இருக்கும் பட்டையை விட்டுவிடுகிறார்கள். சதையைவிடப் பட்டையில்தான் லினமாரின் அதிகம். கத்தியால் நீளவாக்கில் ஒரு கீறு கீறி, விரலை உள்ளே விட்டு உரித்தால் முழுதாகக் கழன்று வரும். வெட்டிய பிறகு நீல நிறத்திலோ கறுப்பாகவோ நரம்பு ஓடியிருந்தால் கிழங்கு பழசு, தூக்கிப் போடுங்கள். பிடுங்கிய இரண்டு மூன்று நாளிலேயே அப்படி ஆகும். வாயில் வைத்ததும் கசந்தால் துப்பிவிடுங்கள். கசக்கவில்லை என்பதை மட்டும் சான்றிதழாக எடுத்துக்கொள்ள வேண்டாம்.

பிங்கா (மரவள்ளிப் பலகாரம்) செய்கிறவர்கள் கிழங்கைத் துருவுவது மிக நல்ல முறை. துருவும்போது நொதிக்கு வேலை கிடைக்கிறது. ஆனால் துருவியதைத் துணியில் போட்டு நன்றாகப் பிழிய வேண்டும். பிழிந்த சாற்றைச் சற்று நேரம் வைத்தால் அடியில் வெள்ளை மாவு கட்டியாகத் தங்கும். மேலே நிற்கும் மங்கல் நீரைக் கொட்டிவிட்டு, மாவை மட்டும் துருவலோடு சேருங்கள். 'சத்து போய்விடும்' என்று சாற்றையும் சேர்த்துப் பிசைகிறார்கள் சிலர். போவது சத்து இல்லை.

இலைதான் இன்னும் கவனம் கேட்கும், கிழங்கின் சதையைவிட அதில் கூடுதல். பூச்சோக் உபியை (மரவள்ளிக் கொழுந்தை) முதலில் உரலில் இடித்து, தண்ணீரில் இரண்டு முறை அலசி, பிறகு நிறைய நீரில் வேகவைத்து, பிழிந்துவிட்டுத் தேங்காய்ப்பாலில் போடுங்கள். பச்சைக் கீரை ஸ்மூத்தி வகையறாவில் இதைச் சேர்க்கவே கூடாது.

எவ்வளவு ஆபத்து என்று கேட்பவர்களுக்கு ஒரு கணக்கு. இனிப்பு மரவள்ளி என்று சொல்ல, ஒரு கிலோ பச்சைக் கிழங்கில் 50 மில்லிகிராமுக்குக் குறைவான சயனைடு இருக்க வேண்டும் என்பது கோடெக்ஸ் என்ற சர்வதேச உணவுத் தரம். உயிரைப் பறிக்கக்கூடிய அளவு உடல் எடையில் ஒரு கிலோவுக்கு 0.5 மில்லிகிராமிலிருந்து தொடங்குகிறது. 20 கிலோ பிள்ளைக்கு அது 10 மில்லிகிராம். மேல் வரம்பில் உள்ள 'இனிப்பு' ரகத்திலேயே, முழுவதும் வெளியானால், 200 கிராம் பச்சைக் கிழங்கில் அது இருக்கும். மாவு ஆலைக்கு நட்ட கசப்பு ரகத்துக்குக் கணக்கே வேறு. வேலியோரத்தில் யாரோ நட்டதைப் பிடுங்கி வந்து பிள்ளைகளுக்குச் சுட்டுக் கொடுக்காதீர்கள்.

மூங்கில் குருத்திலும் ஒரு சயனோஜெனிக் கிளைகோசைடு உண்டு, அது டாக்ஸிஃபில்லின். லினமாரின் போலல்லாமல் இது சூட்டில் சிதையும், ஆகவே மெல்லியதாகச் சீவி, மூடாமல் நெடுநேரம் கொதிக்கவிட்டு, தண்ணீரைக் கொட்டினால் போதும். ரப்பர் கொட்டையில் லினமாரின்தான். பிள்ளைகள் அதை உடைத்து விளையாடட்டும், பருப்பை வாயில் போட வேண்டாம். மரவள்ளியைப் புளிக்கவைத்துச் செய்யும் தாப்பே, சவ்வரிசி பற்றிக் கவலை வேண்டாம்.

ஆடு மாடு வைத்திருப்பவர்களே, மரவள்ளி இலையையும் ரப்பர் தழையையும் வெட்டிய கையோடு கட்டுக்கட்டாகப் போடாதீர்கள். அசைபோடும் விலங்கின் வயிற்றுக் கிருமிகள் இதை வேகமாக உடைக்கும், மனிதரைவிட அவை சீக்கிரம் விழும். நறுக்கி, வெயிலில் நன்றாகக் காயவைத்து, வேறு தீவனத்தோடு கலந்து கொடுங்கள்.

இன்னொரு பக்கமும் ஒரு வீண் பீதி உண்டு. நரம்புக்குக் கொடுக்கும் பி12 மாத்திரை அட்டையில் 'சயனோகோபாலமின்' என்று பார்த்துவிட்டு நிறுத்திவிடுகிறார்கள், அதுவும் நீரிழிவுக்கான மெட்ஃபார்மின் சாப்பிட்டு பி12 குறைந்தவர்கள். அதில் உள்ள சயனைடு மிக அற்பம், இறுகப் பிணைந்தும் இருக்கிறது. சொல்லப்போனால், சயனைடு நஞ்சுக்கு ஏற்றும் முறிவு மருந்துகளில் ஒன்றான ஹைட்ராக்சோகோபாலமின், சயனைடைப் பிடித்துக்கொண்டு சயனோகோபாலமினாக மாறித்தான் சிறுநீரில் வெளியேறுகிறது. மாத்திரையைத் தொடருங்கள்.

மரவள்ளியோ கொட்டையோ சாப்பிட்ட சில மணி நேரத்துக்குள் தலைவலி, தலைசுற்றல், வாந்தி, மூச்சு வேகமாக வாங்குவது, குழப்பமான பேச்சு, வலிப்பு எதுவானாலும் ஆம்புலன்ஸுக்கு 999. பாதாம் வாசம் வருகிறதா என்று மோந்து பார்த்து நேரத்தைப் போக்காதீர்கள், அந்த வாசம் எல்லார் மூக்குக்கும் எட்டாது. விரலை விட்டு வாந்தி எடுக்கவைக்காதீர்கள். பால், மோர், எலுமிச்சை எதுவும் வேண்டாம். கூடச் சாப்பிட்ட பிள்ளைகள் நன்றாக விளையாடிக்கொண்டிருந்தாலும் அவர்களையும் அழைத்துப் போங்கள். மீதிக் கிழங்கு, சாறு, கொட்டைப் பொட்டலம் எது இருந்தாலும் பையில் போட்டு எடுத்துப் போய், எப்போது, எவ்வளவு, பச்சையாகவா வெந்ததா என்று டாக்டரிடம் சொல்லுங்கள். அடுத்து பினாங்கு யூஎஸ்எம் பல்கலைக்கழகத்தில் உள்ள தேசிய நச்சு மையத்தைக் கூப்பிட வேண்டுமா, எந்த முறிவு மருந்து என்பதையெல்லாம் அவர்கள் பார்த்துக்கொள்வார்கள்.