இரண்டாவது எபிசோட்டை யார் போட்டது?

தரம் 10 படிக்கும் மகளை ஒரு தாய் வெள்ளவத்தையில் உள்ள என் கிளினிக்குக்குக் கூட்டிவந்தார். காலையில் தலையிடி, வகுப்பில் தூங்கி வழிதல், ரியூசனில் எரிச்சல். இரத்தம் சோதித்தாயிற்று, கண்ணும் காட்டியாயிற்று. ஒன்றுமில்லை.

"எத்தனை மணிக்குப் படுக்கிறனீங்கள், மகள்?"

தாயை ஒருதரம் பார்த்துவிட்டுச் சொன்னாள்: "ஒரு எபிசோட் மட்டும் எண்டுதான் தொடங்குறனான், டொக்டர்."

தாய்க்குக் கோபம் வந்தது. எனக்கு வரவில்லை. இரண்டாவது எபிசோட்டைப் பிள்ளை போடவில்லை; அது தானாக ஓடியது.

1982இல் ரூபவாஹினி தொலைக்காட்சி தொடங்கிய காலத்தில் தொடர் நாடகம் பார்த்தவர்கள் அடுத்த கிழமைவரை காத்திருந்தார்கள். நித்திரை கெடவில்லை. நெட்ஃபிளிக்ஸ் 2012இல் அடுத்த பாகம் தானாகத் தொடங்கும் வசதியைக் கொண்டுவந்தது. 2013 பெப்ரவரியில் 'ஹவுஸ் ஆஃப் கார்ட்ஸ்' தொடரின் முதல் சீசனின் 13 பாகங்களையும் ஒரே நாளில் வெளியிட்டது. நெட்ஃபிளிக்ஸ் இலங்கைக்கு வந்தது 2016 ஜனவரியில். தங்கள் போட்டி மக்களின் நித்திரையோடுதான் என்று அதன் அப்போதைய தலைவர் ரீட் ஹேஸ்டிங்ஸ் 2017இல் வெளிப்படையாகவே சொன்னார். (ஆள் நேர்மையானவர், அதை மறுக்க முடியாது.) மாதச் சந்தாவில் ஓடும் தொழில் இது, பார்ப்பது குறைந்தால் சந்தாவை நிறுத்திவிடுவோம். ஆகவே கதையையும் அதற்கேற்றபடி வெட்டுகிறார்கள்: பாகம் முடிகிற இடத்தில் ஒரு முடிச்சு.

அதனால் நான் பிள்ளைகளிடம் சொல்வது, பாகத்தின் முடிவில் நிறுத்தப் பார்க்காதீர்கள் என்பதுதான். முடிச்சு அங்கேதான் இருக்கும். நடுவில் நிறுத்துங்கள், முந்திய முடிச்சு பெரும்பாலும் அதற்குள் அவிழ்ந்திருக்கும், அடுத்தது இன்னும் விழுந்திராது. தானாக ஓடுவதையும் நிறுத்தலாம்; நெட்ஃபிளிக்ஸில் ஒவ்வொருவரின் புரொஃபைலிலும் அதற்கு செட்டிங் உண்டு. போனை ஹோலில் சார்ஜ் போடுங்கள். வைஃபையை மட்டும் நிறுத்திவிட்டு வென்றதாக நினைக்கும் அப்பாமாரே, பிள்ளையிடம் டேட்டா இருக்கிறது.

13 முதல் 18 வயதுக்கு 8 தொடக்கம் 10 மணித்தியாலம் நித்திரை வேண்டும். விடிய எழும்பிப் படிக்கச் சொல்கிற வீடுகளில் இதைச் சொன்னால் என்னை விசித்திரமாகப் பார்க்கிறார்கள்.

மூன்று கிழமை கழித்து இருவரும் திரும்ப வந்தார்கள். தலையிடி நன்றாகக் குறைந்திருந்தது. இப்போது பதினொரு மணிக்குப் படுக்கிறாளாம். ஆனால் ஸ்கூல் வான் காலை ஆறு மணிக்கு வாசலில் நிற்கிறது. இன்னும் இரண்டு மணித்தியாலத்தை எங்கே பிடிப்பதென்று மூவரும் இருந்து கணக்குப் பார்த்தோம். இரவு ரியூசனில் கைவைக்கத் தாய் சம்மதிக்கவில்லை.