கியோனிஸ்தா: திரைக்கதையாசிரியர்

ஸ்பெயினின் காட்டலோனியாப் பகுதியில் பேசப்படும் காட்டலான் மொழிப் படங்களின் எழுத்தோட்டத்தில் தவறாமல் வரும் சொல் ‘கியோனிஸ்தா’. ‘கியோ’வை, அதாவது படத்தின் எழுத்துப் பிரதியை, எழுதுபவர் என்று பொருள். ‘கியார்’ என்றால் வழிநடத்துதல். அதே வேரில் பிறந்த ஸ்பானியச் சொல்லான ‘கியோன்’, ஊர்வலத்தின் முன்னே தூக்கிச் செல்லும் கொடிக்கும் பெயர். பேசுபவர் வழி தவறாதிருக்க எழுதிவைக்கும் குறிப்பு, படப்பிடிப்புக்கு முன்பே எழுதி முடிக்கும் பிரதி என்று பின்னர் பொருள் விரிந்தது.

தமிழில் எதைச் சொல்வது? நாம் கதை, திரைக்கதை, வசனம் என்று மூன்றாகப் பிரிக்கிறோம். அவர்களிடம் கதைக்கு ‘அர்குமென்’ என்று தனிச்சொல் உண்டு. திரைக்கதையும் வசனமும் பெரும்பாலும் ‘கியோ’வுக்குள்ளேயே அடங்கிவிடும். அதனால் ‘கதாசிரியர்’ பொருந்தாது, ‘வசனகர்த்தா’ பாதிதான். ‘திரைக்கதையாசிரியர்’ என்பதே சரி, வசனமும் அவர் பொறுப்பு என்ற புரிதலோடு.

அந்த வசனப் பொறுப்பு காட்டலான் சினிமாவில் மிகப் பெரியது. 1939-இல் ஸ்பெயினின் உள்நாட்டுப் போரில் வென்ற சர்வாதிகாரி பிராங்கோவின் ஆட்சி அம்மொழியைப் பொதுவாழ்விலிருந்து ஒதுக்கியது. திரையிலும் அதன் குரல் அடங்கியது. அவர் இறந்த மறு ஆண்டு, 1976-இல், ‘லா சியுதாத் கிரெமாதா’ என்ற படம் வந்தபோதுதான் மக்கள் தம் மொழியைப் பெரிய திரையில் மீண்டும் உரக்கக் கேட்டார்கள்.

இன்றைய சிறந்த எடுத்துக்காட்டு ‘அல்கர்ராஸ்’ (2022). எழுதியவர்கள் இயக்குநர் கார்லா சிமோனும் அர்னாவ் விலரோவும். சொலே குடும்பம் தலைமுறைகளாகப் பீச் பழத்தோட்டம் பார்க்கிறது. உள்நாட்டுப் போரில் அடைக்கலம் தந்ததற்கு நன்றியாகப் பின்யோல் குடும்பம் வாய்வார்த்தையில் கொடுத்த நிலம் அது, பத்திரம் இல்லை. இப்போதைய வாரிசு மரங்களை அகற்றிச் சூரியத் தகடு நடப் பார்க்கிறார். இந்தக் கதையை, அது நடக்கும் மேற்குக் காட்டலோனியாவின் லெய்தா வட்டாரப் பேச்சிலேயே எழுதியதுதான் இருவரின் அருஞ்செயல் என்பேன். பார்சலோனாவில் தாத்தா ‘அவி’, லெய்தாவில் ‘பத்ரி’. பெயர்ச்சொல்லுக்கு முன்னால் வரும், ஆங்கில ‘the’ போன்ற சொல் அங்கே ‘எல்’, இங்கே ‘லோ’. பெரும்பாலும் தொழில்முறை நடிகர்களைத் தவிர்த்து அந்தப் பகுதி மக்களையே நடிக்கவைத்ததால், பிரதியின் பேச்சு அவர்கள் வாயில் இயல்பாக அமர்ந்தது. அப்படம் பெர்லின் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கக் கரடியை வென்றது. காட்டலான் படம் ஒன்றுக்கு அவ்விருது கிடைத்தது அதுவே முதல் முறை. நடுவர் குழுத் தலைவர், மாஹேயில் பிறந்த ஹாலிவுட் இயக்குநர் எம். நைட் ஷியாமளன்.

விலரோ போல இன்னொருவரோடு சேர்ந்து எழுதுபவரை ‘கோகியோனிஸ்தா’ என்பார்கள். தமிழில் ‘இணைத் திரைக்கதையாசிரியர்’. வானொலிக்கு எழுதுபவரும் அங்கே கியோனிஸ்தாதான். அந்த இடத்தில் ‘திரை’ வராது, ‘நிகழ்ச்சி எழுத்தாளர்’ என்று எழுத வேண்டும்.