டிரியெஸ்டே: காற்று வந்த வழியே வந்தவர்கள்

இத்தாலியின் வடகிழக்குக் கோடியில், ஸ்லோவேனியாவுக்கும் அட்ரியாட்டிக் கடலுக்கும் நடுவே ஒரு மெல்லிய கரையோரத் துண்டில் இருக்கிறது டிரியெஸ்டே. குளிர்காலத்தில் சில நாள் அங்கே தெருவில் நிமிர்ந்து நடக்க முடியாது. போரா என்ற காற்று மணிக்கு 150 கிலோமீட்டரையும் தாண்டி வீசும். முன்பெல்லாம் நடப்பவர்கள் பிடித்துக்கொள்ளத் தெருவோரம் கயிறும் சங்கிலியும் கட்டி வைப்பார்கள். இந்தக் காற்று ஏன் குறிவைத்தாற்போல் இந்த ஊருக்கே வருகிறது என்று தெரிந்துகொண்டால், ஊரில் இத்தனை மொழியும் மதமும் எப்படிச் சேர்ந்தன என்ற கேள்விக்கும் பாதி விடை கிடைத்துவிடும்.

ஆல்ப்ஸ் மலைகள் கிழக்கே வந்து தணிந்து, தினாரிக் மலைகள் தொடங்கும் இடத்தில், போஸ்தோய்னா என்ற ஊர்ப் பக்கம் ஒரு தாழ்வு இருக்கிறது. உயரம் சுமார் 610 மீட்டர்தான். அட்ரியாட்டிக் கரையிலிருந்து டான்யூப் ஆற்றுச் சமவெளிக்குப் போக அந்த மலைகளில் இதைவிடத் தாழ்வான வழி கிடையாது. குளிர்காலத்தில் மலைக்கு அந்தப் பக்கம் குளிர்ந்த காற்று தேங்கும். குளிர்ந்த காற்று கனமானது, சுலபத்தில் மேலே எழும்பாது. அதன் மட்டம் ஏற ஏற, நிரம்பிய ஏரி கலங்கலில் வழிவதுபோல இந்தத் தாழ்வு வழியாக வழிகிறது. இந்தப் பக்கம் கடல் மேலுள்ள காற்றோ வெதுவெதுப்பானது, லேசானது. சரிவில் வேகம் பிடித்து, கார்ஸ்ட் என்ற சுண்ணாம்புக்கல் மேட்டைக் கடந்து, அதன் விளிம்பிலிருந்து சில நூறு மீட்டர் கீழே இருக்கும் ஊரின் தலையில் அந்தக் குளிர்காற்று வந்து விழுகிறது.

அதே தாழ்வில்தான் மனிதர்களும் வந்தார்கள். வெண்கலக் காலத்திலேயே கார்ஸ்ட் மேட்டின் குன்றுகளில் கல்மதில் சூழ்ந்த குடியிருப்புகள் இருந்தன. ரோமானியர் காலத்தில் பால்டிக் கரையின் அம்பர் (கல்லாகிப்போன மரப்பிசின்) தெற்கே வந்ததும் இந்தப் பக்கமாகத்தான். ஆல்ப்ஸின் மிகத் தாழ்வான பகுதி இதுவே என்று ஸ்ட்ராபோ என்ற கிரேக்க அறிஞர் சுமார் 2,000 ஆண்டுகளுக்கு முன்பே எழுதியிருக்கிறார். படைகளும் இதே வழிதான். கி.பி. 394-ல் பக்கத்து விப்பாவா பள்ளத்தாக்கில் ரோமப் பேரரசர் தியோடோசியஸ் வென்றபோது, எதிரிகளின் முகத்தில் பெருங்காற்று அடித்து வெற்றி தந்தது என்று அக்காலக் கிறித்தவ எழுத்தாளர்கள் எழுதினார்கள். போராவுக்குக் கிடைத்த முதல் விளம்பரம் அதுதான் போலிருக்கிறது. 6-ஆம் நூற்றாண்டுக்குப் பின் ஸ்லாவிய மக்கள் வந்து மேட்டில் குடியேறினார்கள். இன்றைய ஸ்லோவேனியர்களின் முன்னோர் அவர்கள்.

ஆனால் வழி இருந்தால் மட்டும் ஊர் வளர்ந்துவிடாது. ரோமானியர் காலத்தில் தெர்கெஸ்தே என்று பெயர் பெற்றிருந்த இந்த ஊருக்கு மதிலும் அரங்கமும் இருந்தன என்றாலும், பெரிய வணிகமெல்லாம் பக்கத்து ரோமானிய நகரமான அக்விலேயாவுக்குப் போனது. பிற்பாடு வெனிஸ் அட்ரியாட்டிக்கையே தன் சொந்தக் குளம் மாதிரி வைத்துக்கொண்டது. வெனிஸுக்கு அஞ்சி 1382-ல் டிரியெஸ்டே ஆஸ்திரியாவை ஆண்ட ஹாப்ஸ்பர்க் அரசின் பாதுகாப்பில் சேர்ந்தது. அப்புறமும் 300 ஆண்டுக்கு மேல் அது உப்பும் ஒயினும் மீனும் விற்ற சின்ன ஊர்தான்.

மாற்றம் வந்தது 1719-ல். பேரரசர் ஆறாம் சார்லஸ் ஊரைச் சுங்கமில்லாத் துறைமுகமாக அறிவித்தார். சரக்கை இறக்கலாம், கிடங்கில் வைக்கலாம், விலை ஏறியதும் வேறு நாட்டுக்கு அனுப்பலாம், வரி இல்லை. வணிகருக்கு இதன் அருமை தெரியும், கைமுதல் வரியில் முடங்காது. ஆனால் அன்றைய மத்தியதரைக் கடலில் சரக்கும் கடனும் நம்பகமான ஆட்களும் யாரிடம் இருந்தன? கிரேக்கரிடம், யூதரிடம், செர்பியரிடம், ஆர்மீனியரிடம். கத்தோலிக்க அரசுக்கு அவர்கள் வேண்டுமென்றால் அவர்களுடைய வழிபாட்டையும் ஏற்கத்தான் வேண்டும். சார்லஸின் மகள் மரியா தெரேசா, கிரேக்கரும் செர்பியரும் சார்ந்த ஆர்த்தடாக்ஸ் கிறித்தவப் பிரிவின் தேவாலயத்துக்கு அனுமதி கொடுத்தார். பேரன் இரண்டாம் ஜோசப் 1781 முதல் சமயச் சகிப்பு ஆணைகளை வெளியிட்டார். பெருந்தன்மை என்பதைவிட இதைக் கணக்குத் தெரிந்த நிர்வாகம் என்றே சொல்வேன். சில ஆயிரம் பேர் இருந்த ஊரில் 1910 வாக்கில் சுமார் 2.3 லட்சம் பேர் இருந்தார்கள்.

புது நகரத்தைப் பழைய உப்பளங்களை மண்கொட்டி மேடாக்கிக் கட்டினார்கள். நேர்நேரான தெருக்கள், நடுவே கப்பல் உள்ளே வரும் பெரிய கால்வாய். வீடுகளில் கீழே கிடங்கு, மேலே குடும்பம். கால்வாயோரத்தில் கிரேக்கரும் செர்பியரும் முதலில் ஒரே தேவாலயத்தில்தான் வழிபட்டார்கள். பூசை எந்த மொழியில் என்று சண்டை வந்தது. 1780-களில் கிரேக்கர் பிரிந்து போய்க் கடலைப் பார்த்தபடி தனிக் கோயில் கட்டிக்கொண்டார்கள். செர்பியரிடம் நின்ற பழைய கட்டடத்தை உப்பள மண் தாங்கவில்லை. 1861-ல் அதை இடித்து, இன்று நாம் பார்க்கும் நீலக் குவிமாடக் கோயிலைத் தொடங்கினார்கள்.

மொழியில் நடந்தது இன்னும் விசித்திரம். பழைய ஊர்க்காரர்கள் பக்கத்து வட்டாரத்தின் ஃப்ரியூலி மொழியை ஒத்த ஒரு வழக்கைப் பேசினார்கள். வந்தவர்களோ ஆளுக்கொரு வீட்டுமொழி வைத்திருந்தாலும், கடல் வணிகத்தின் பொதுமொழியான வெனிஸ் வழக்கில் பேரம் பேசப் பழகியவர்கள். ஊரின் எண்ணிக்கை பல மடங்கானபோது, சந்தையில் செல்லுபடியாகும் மொழியே பிள்ளைகளின் மொழியானது. 19-ஆம் நூற்றாண்டில் பழைய வழக்கு மறைந்தே போனது. வெனிஸ் ஒருநாளும் நிலையாக ஆள முடியாத ஊர், இன்றும் வெனிஸ் சாயலில்தான் பேசுகிறது.

1857-ல் வியன்னாவிலிருந்து ரயில் வந்தது. வேறெங்கே, போஸ்தோய்னா வழியாகத்தான். ரயிலும் துறைமுகமும் வேலை கொடுக்க, மேட்டிலிருந்தும் உள்நாட்டிலிருந்தும் ஸ்லோவேனியர்கள் பெருமளவில் இறங்கி வந்தார்கள். தேசியவாதம் சூடேறிய காலமும் அதுதான். 1910 மக்கள்தொகைக் கணக்கில் ஒவ்வொருவரும் அன்றாடம் புழங்கும் மொழியைக் குறிக்க வேண்டும். நகராட்சி நடத்திய கணக்கில் ஸ்லோவேனிய மொழிக்காரர் எண்ணிக்கை மிகவும் குறைவாக இருந்தது. புகார் எழுந்து மறுபடி எண்ணியபோது ஏறக்குறைய 20,000 பேர் கூடி, சுமார் 57,000 ஆனார்கள். படிவத்தின் ஒரு கட்டத்துக்குள் எழுதும் சொல்லை மாற்றினால் ஆளையே மறைத்துவிடலாம்.

முதல் உலகப்போருக்குப் பின் ஊர் இத்தாலிக்குப் போனது. துறைமுகத்துக்கும் அது சேவை செய்த உள்நாட்டுக்கும் நடுவே எல்லைக்கோடு விழுந்தது. 1920 ஜூலை 13 அன்று ஸ்லோவேனியரின் சமூக மாளிகையான நரோத்னி தோமைப் பாசிசக் கும்பல் எரித்தது. அப்புறம் ஸ்லோவேனியப் பள்ளிகள் மூடப்பட்டன, குடும்பப் பெயர்கள்கூட இத்தாலியமாக்கப்பட்டன. இரண்டாம் போர் முடிந்தபின் இத்தாலிக்கா யூகோஸ்லாவியாவுக்கா இந்த ஊர் என்பது தீராமல், 1947-ல் ‘சுதந்திரப் பிரதேசம்’ ஆக்கினார்கள். 1954-ல்தான் நகரம் மீண்டும் இத்தாலியின் கைக்கு வந்தது.

ஆனால் பனிப்போரின் இரு முகாம்களின் விளிம்பில் இருப்பதிலும் ஒரு வசதி உண்டு என்பதைப் பார்த்தவர்கள் இயற்பியலாளர்கள். பாகிஸ்தானின் அப்துஸ் சலாமும், அட்ரியாட்டிக் தீவொன்றில் பிறந்த பாவ்லோ புதினிச்சும் முயன்று, 1964-ல் அங்கே சர்வதேசக் கோட்பாட்டு இயற்பியல் மையம் தொடங்கியது. 1965-66-ல் பிளாஸ்மா என்ற மின்னேறிய வாயுவை ஆராயும் அமெரிக்க, சோவியத் விஞ்ஞானிகள் அங்கே மாதக்கணக்கில் சேர்ந்து உட்கார்ந்து வேலை செய்தார்கள். அப்போது மையம் இருந்தது நகர நடுவே ஒபர்தான் சதுக்கத்தில். எரிந்த நரோத்னி தோம் அதே சதுக்கத்தின் ஓரத்தில்தான் நிற்கிறது. அந்தக் கட்டடத்தில் பின்னாளில் பல்கலைக்கழகத்தின் மொழிபெயர்ப்பாளர் பள்ளி நடந்தது. 2020 ஜூலை 13 அன்று, எரித்து சரியாக நூறு ஆண்டு கழித்து, அதை ஸ்லோவேனியச் சமூகத்திடம் திருப்பித் தருவதற்கான ஒப்பந்தம் கையெழுத்தானது.