காப்பீட்டு அட்டையில் யார் யார் பெயர் இருக்கிறது?

முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டு அட்டை பல வீடுகளில் பீரோவுக்குள், நிலப் பத்திரத்துக்கு அடியில் பத்திரமாக இருக்கிறது. ஆனால் வாங்கிய நாளுக்குப் பிறகு அதை எடுத்துப் படித்தவர்கள் குறைவு. இன்றே எடுத்து, ரேஷன் கார்டையும் ஆதாரையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். பெயர், வயது, எழுத்து எல்லாம் ஒத்துப்போகிறதா? மருமகள், பேரக்குழந்தை, கூடவே இருக்கும் வயதான அம்மா விட்டுப்போயிருக்கலாம். ரேஷன் கார்டில் பெயர் ஏறிவிட்டால் காப்பீட்டிலும் தானாக ஏறிவிடும் என்று இருந்துவிட வேண்டாம். கலெக்டர் அலுவலகத்தில் இருக்கும் காப்பீட்டுத் திட்ட மையத்தில் கேட்டுச் சரிசெய்துகொள்ளுங்கள். நோயாளியை ஸ்ட்ரெச்சரில் வைத்துக்கொண்டு இதற்காக அலைவது கொடுமை.

2012 ஜனவரியில் தொடங்கிய இத்திட்டம், 2018 முதல் மத்திய அரசின் ஆயுஷ்மான் பாரத் திட்டத்தோடு சேர்ந்து நடக்கிறது. ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள் இருக்கும் குடும்பத்துக்கு ஆண்டுக்கு 5 லட்சம் ரூபாய் வரை சிகிச்சைச் செலவு கிடைக்கும். ஆளுக்கு 5 லட்சம் இல்லை, மொத்தக் குடும்பத்துக்கும் சேர்த்துத்தான். அதனால் 'ஒரு அவசரம், கார்டைக் கொடுங்கள்' என்று யார் வந்து கேட்டாலும் கொடுக்காதீர்கள். அது சட்டப்படி தப்பு, போவதும் உங்கள் வீட்டுப் பணம்.

அட்டை தொலைந்துபோனால் பதற வேண்டியதில்லை. உரிமை அந்த அட்டைத் துண்டில் இல்லை, அதிலுள்ள எண்ணில் இருக்கிறது. இரண்டு பக்கத்தையும் போட்டோ எடுத்து வீட்டில் இரண்டு பேர் போனிலாவது வைத்திருங்கள். வெளியூரில் படிக்கும் பிள்ளைக்கும் அனுப்பிவிடுங்கள். திட்டத்தின் இணையதளத்தில் மின்-அட்டையாகவும் எடுக்கலாம். எண்ணும் தெரியவில்லையா, 1800 425 3993 என்ற கட்டணமில்லாத் தொலைபேசியில் கேளுங்கள்.

அப்புறம், அட்டையை எப்போது காட்டுவது என்பதில்தான் பலர் கோட்டை விடுகிறார்கள். பில் வந்த பிறகு நீட்டிப் பயனில்லை. சிகிச்சைக்கு முன் அனுமதி வாங்க வேண்டும் என்பதால், சேர்க்கும்போதே காப்பீட்டுப் பிரிவில் கொடுத்துவிடுங்கள். அந்த ஆஸ்பத்திரி திட்டத்தின் பட்டியலில் இருக்கிறதா, உங்களுக்குச் செய்யப்போகும் சிகிச்சைக்கும் அங்கே அனுமதி உண்டா என்று இரண்டையும் கேளுங்கள். காய்ச்சலுக்குப் போய் ஊசி போட்டுக்கொண்டு திரும்புவதற்கெல்லாம் இந்த அட்டை செல்லாது.