கேட்டுக்கொண்டிருப்பவரின் முகம்

"இவங்களா? இவங்க அந்த நாடகத்துல மருமக சாப்பாட்டுல மாத்திரை கலந்து வச்சவங்களாச்சே!"

குடும்ப ஆலோசனைக்கு வந்த ஒரு பாட்டி என் அறைக்குள் கால் வைத்ததுமே மகனைப் பார்த்துச் சொன்னது இது. எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பாட்டி சிரிக்கவில்லை. கைப்பையை மடியில் இறுக்கிப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். முன்னால் வைத்த தண்ணீரைக் கடைசிவரை தொடவே இல்லை. மாத்திரை பயம்போல. தொலைக்காட்சியில் கடைசி நாலைந்து ஆண்டுகள் வில்லியாக நடித்ததற்கு இன்னும் வட்டி கட்டிக்கொண்டிருக்கிறேன்.

சிங்கப்பூரின் தமிழ்த் தொலைக்காட்சி வசந்தம் தனி ஒளிவழியானது 2008 அக்டோபரில். அதற்கு முன்பு 'சென்ட்ரல்' ஒளிவழியில் மற்ற நிகழ்ச்சிகளோடு நேரத்தைப் பங்குபோட்டுக்கொண்டிருந்த காலத்திலேயே கால்டிகாட் குன்றில் இருந்த நிலையத்தின் ஒப்பனை அறையில் எனக்கு ஒரு நாற்காலி இருந்தது. நிலையம் ஒன்-நார்த்துக்குக் குடிபோனபோது நான் நடிப்பை விட்டிருந்தேன். "நல்லாத்தானே போய்க்கிட்டிருந்துச்சு, ஏன் விட்டீங்க?" என்று இப்போதும் கேட்கிறார்கள். எல்லாரிடமும் சொல்லாத பதில் ஒன்று உண்டு.

வில்லியாவதற்கு முன்பு, கணவனிடம் அடிவாங்கும் மனைவியாக ஒரு தொடரில் நடித்தேன். அது ஒளிபரப்பாகிக்கொண்டிருந்த சமயம் முஸ்தபாவில் பருப்பு வாங்கிக்கொண்டிருந்தேன். ஓர் அக்கா பக்கத்தில் வந்து என் முழங்கையைப் பிடித்தார். சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு மெதுவாகக் கேட்டார்: "நீ எப்படிம்மா அந்த வீட்டை விட்டு வெளிய வந்த?"

எனக்கு வாயடைத்துப் போயிற்று. எழுத்தாளர் எழுதினார், நான் வெளியே வந்தேன். பெட்டியைத் தூக்கிக்கொண்டு லிஃப்டில் இறங்கும் காட்சி, மூன்று டேக். அவ்வளவுதான் எனக்குத் தெரியும். "தைரியமா இருங்கக்கா" என்று ஏதோ உளறினேன். அவர் கையை எடுத்துவிட்டுக் கூட்டத்தில் போய்விட்டார். அந்த ஆண்டுக் கடைசியில்தான் பகுதிநேரமாக ஆலோசனைத் துறைப் பட்டயப் படிப்பில் சேர்ந்தேன். பிறகு முதுகலை, மேற்பார்வையின்கீழ் பயிற்சி. அதையெல்லாம் விவரித்தால் தூக்கம் வரும்.

நடிப்பு எனக்குக் கற்றுக்கொடுத்த ஒன்றைச் சொல்லத்தான் இதை எழுத உட்கார்ந்தேன்.

ஒரு சண்டைக் காட்சியை முதலில் எல்லாரையும் சேர்த்து ஒரே ஷாட்டில் எடுப்பார்கள். அப்புறம் ஒவ்வொருவருக்கும் க்ளோஸப். கத்துகிறவரின் க்ளோஸப் சுலபம். வசனம் கையில் இருக்கிறது, தொண்டையைத் திறந்தால் போதும். கேட்கிறவரின் க்ளோஸப்தான் கஷ்டம். பல நாள் எதிரில் நடிக்கவேண்டியவர் அடுத்த படப்பிடிப்புக்குக் கிளம்பியிருப்பார். உதவி இயக்குநர் தாளைப் பார்த்து, மளிகைப் பட்டியல் வாசிப்பதுபோல் அவருடைய வசனத்தை வாசிப்பார். அதைக் கேட்டு நான் உடையவேண்டும். ஆனால் தொகுப்பாளர் வெட்டும்போது, மிகக் கொடுமையான வார்த்தை விழும் இடத்தில் பேசுகிறவரைக் காட்டமாட்டார். கேட்கிறவரைத்தான் காட்டுவார். கதை அங்கேதான் இருக்கிறது என்பது அவருக்குத் தெரியும்.

இன்றும் என் அறையில் ஒருவர் பேச ஆரம்பித்தால் என் கண் தானாக மற்றவர்மேல் போய்விடும்.

அந்தப் பாட்டியின் குடும்பத்துக்கு வருகிறேன். (ஒரே குடும்பத்தின் கதையாக எழுதினாலும் இது பல குடும்பங்களிலிருந்து எடுத்துக் கோத்தது. அடையாளங்களை மாற்றியிருக்கிறேன்.) அப்பா, அம்மா, அப்பாவைப் பெற்ற பாட்டி, தொடக்கநிலை 6 படிக்கும் பையன். வீடமைப்பு வளர்ச்சிக் கழகத்தின் நாலறை வீடு. பையனுக்கு வாரத்தில் இரண்டு நாளாவது காலையில் வயிற்றுவலி. பலதுறை மருந்தகத்தில் பார்த்து, மருத்துவமனையில் எல்லாச் சோதனையும் எடுத்தாயிற்று. உடம்பில் ஒன்றும் இல்லை. தொடக்கப்பள்ளி இறுதித் தேர்வான பிஎஸ்எல்இ மீது பயம் என்று பள்ளியில் நினைத்தார்கள், பெற்றோரும் அப்படியே நினைத்தார்கள். அது பொய்யும் இல்லை. 2021ல் மதிப்பெண் முறையையே மாற்றினார்கள், துணைப்பாட வகுப்பு வாசலில் காத்திருக்கும் முகங்கள் மட்டும் மாறவில்லை.

என் அறையில் மூன்று பேர் உட்காரும் சோபா ஒன்று உண்டு. யாரும் சொல்லாமலே பையன் நடுவில் போய் உட்கார்ந்தான். அப்பாவிடம் ஒரு கேள்வி கேட்டேன். அவர் வாயைத் திறக்குமுன் பையன் அம்மா முகத்தைப் பார்த்தான். அம்மாவிடம் கேட்டேன். உடனே அப்பா முகத்தைப் பார்த்தான். பூப்பந்தாட்டம் பார்ப்பவனைப்போல் அரைமணி நேரம் அவன் தலை இப்படியும் அப்படியும் போய்வந்தது.

"வீட்டுல யார் யார்கூட நிறையப் பேசுவீங்க?" என்று பொதுவாகக் கேட்டேன்.

"நான்தான் ஆன்ட்டி சொல்லுவேன்," என்றான் பையன்.

"என்ன சொல்லுவ?"

"அம்மா சொல்றத அப்பாகிட்ட. அப்பா சொல்றத அம்மாகிட்ட."

எட்டு மாதமாக அப்பாவும் அம்மாவும் நேருக்கு நேர் பேசிக்கொள்ளவில்லை. கரண்ட் பில், தீபாவளித் துணி, பாட்டியின் கண் ஆபரேஷன், எல்லாம் இவன் வழியாகத்தான். அடுத்து அவன் சொன்னதை என்னால் மறக்கமுடியவில்லை.

"சில சமயம் மாத்திச் சொல்லுவேன். அம்மா, 'உங்கப்பனுக்குச் சோறு வேணுமா வேணாமான்னு கேளு'ம்பாங்க. நான், 'அப்பா, அம்மா சாப்பிடக் கூப்பிடுறாங்க'ன்னு சொல்லிடுவேன்."

பதினொரு வயது. அந்த வீட்டின் வசனகர்த்தா அவன்தான். இரவு எட்டு மணிக்கு வரும் ஒவ்வொரு வசனத்தையும் வாங்கி, முள்ளை எடுத்துவிட்டு, மறுபக்கம் கொடுத்துக்கொண்டிருக்கிறான். பெரியவர்கள் எழுதினால் சம்பளம் கிடைக்கும் வேலை. அவனுக்குக் கிடைத்தது வயிற்றுவலி.

இரண்டு பேருக்கு நடுவே இறுக்கம் தாங்கமுடியாமல் போனால் மூன்றாவது ஆளை இழுத்து நடுவில் வைத்துக்கொள்வதை மர்ரே போவன் என்ற அமெரிக்க மனநல மருத்துவர் முக்கோணம் என்றார். அர்ஜென்டினாவில் பிறந்து பிலடெல்ஃபியாவில் பணியாற்றிய சால்வடோர் மினுச்சின், பிள்ளைகளின் உடல்நோய்க்கும் வீட்டில் யார் யார் பக்கம் நிற்கிறார்கள் என்பதற்கும் உள்ள தொடர்பை 1970களில் ஆராய்ந்தார். புத்தகத்தில் படித்தபோது இவையெல்லாம் எனக்கு வெறும் படம். இந்தப் பையன், "வயிறு வலிக்கிற அன்னிக்கு மட்டும் அம்மாவும் அப்பாவும் ஒரே டாக்சில வருவாங்க," என்று சொன்ன பிறகுதான் புரிந்தது.

அவன் நடிக்கவில்லை. இதைப் பெற்றோர்கள் தயவுசெய்து கவனிக்கவேண்டும். வலி உண்மையான வலி. முதலில் மருத்துவரிடம்தான் காட்டவேண்டும். அங்கே ஒன்றும் இல்லை என்று தெரிந்த பிறகு, "சும்மா சாக்கு சொல்றான்" என்று முடிவுகட்டாமல், வலி வரும் நாள்களில் வீட்டில் என்ன நடந்தது என்று யோசித்துப் பாருங்கள்.

நான் செய்தது பெரிய வித்தை எதுவும் இல்லை. பையனை எழுப்பி மூலையில் இருக்கும் சின்ன மேசையில் உட்காரவைத்தேன். வண்ணப் பென்சில் கொடுத்து, "இன்னிக்கு உனக்கு லீவு," என்றேன். சோபாவில் நடுவிடம் காலியாயிற்று. அந்தக் காலி இடத்தைப் பார்த்து இரண்டு பேரும் அசைந்த அசைவு இருக்கிறதே, கேமரா இருந்தால் அதைத்தான் எடுத்திருப்பேன்.

"மனம்விட்டுப் பேசுங்க" என்று சொல்வேன் என எதிர்பார்த்தார்கள். சொல்லமாட்டேன். எட்டு மாதம் பேசாதவர்களை மனம்விட்டுப் பேசச் சொன்னால் வீடு பற்றி எரியும். "உணர்ச்சியெல்லாம் அப்புறம். இந்த வாரம் கரண்ட் பில்லை மட்டும் நேராப் பேசுங்க. சூடு ஏறினா, 'அரைமணி நேரத்துல வரேன்'னு சொல்லிட்டுக் கீழ்த்தளத்துக்குப் போய் உட்காருங்க. சொல்லாம எழுந்து போகாதீங்க," என்றேன். உடம்பின் படபடப்பு அடங்கக் குறைந்தது 20 நிமிடமாவது வேண்டும் என்பது தம்பதியர் சண்டைகளைப் பல்லாண்டு ஆராய்ந்த ஜான் காட்மனின் கணக்கு. திரும்பி வரும் நேரத்தைச் சொல்லிவிட்டுப் போவதுதான் முக்கியம். இல்லாவிட்டால் அதுவும் ஒரு கதவை அறைந்து சாத்துவதுதான்.

ஆரம்பத்தில் நான் ஒரு தவறு செய்துவந்தேன். வியன்னாவில் 1920களில் ஒத்திகை இல்லாத நாடகங்கள் நடத்திய ஜேக்கப் மொரேனோ என்ற மருத்துவர் உருவாக்கிய முறை ஒன்று உண்டு: அப்பா மகன் இடத்தில் உட்கார்ந்து மகனாகப் பேசவேண்டும். நடிகைக்கு இது கரும்பு தின்னக் கூலி. வந்த முதல் நாளே எல்லாரையும் இடம் மாற்றி, அழவைத்து, நல்ல 'சீன்' வந்துவிட்டது என்று மகிழ்ந்துபோவேன். அடுத்த வாரம் அவர்கள் வரமாட்டார்கள். "நீ அவங்களக் கேட்கல, இயக்குறே," என்றார் என் மேற்பார்வையாளர். ஒரு வாரம் அவர்மேல் கோபமாக இருந்தேன்.

நடுவில் நிற்பது எப்போதும் பிள்ளையாகவே இருப்பதில்லை. சில வீடுகளில் பணிப்பெண். சில வீடுகளில் குடும்ப வாட்ஸ்அப் குழு. கணவனுக்குச் சொல்லவேண்டியதைக் காலை வணக்கப் படத்தின் பொன்மொழியாகப் போடுவார்கள். பிள்ளைக்கு ஆங்கிலம், பாட்டிக்குத் தமிழ் என்றால், மொழிபெயர்க்கிற வேலையும் பிள்ளைக்கு வந்துசேரும். பாட்டி திட்டியதில் பாதியை அது விழுங்கிவிடும். "அப்படியே உங்கப்பன் புத்தி" என்று சொல்லும்போது உங்களுக்கு அது கணவன்மேல் எறிந்த கல். முன்னால் நிற்பது பிள்ளை.

மணவிலக்கு ஆனாலும் இந்தத் தூது நின்றுவிடுவதில்லை. நம் ஊர்ச் சட்டப்படி, திருமணமாகி 3 ஆண்டு ஆகாமல் பொதுவாக மனு போடமுடியாது. 2024 ஜூலை 1 முதல், யார்மேலும் குற்றம் சுமத்தாமல் இருவரும் ஒத்துப்போய்ப் பிரியவும் வழி இருக்கிறது. 21 வயதுக்குட்பட்ட பிள்ளை இருந்தால், மனு போடுமுன் பிள்ளைவளர்ப்பைப் பற்றிய கட்டாய வகுப்புக்குப் பெற்றோர் போகவேண்டும். சலித்துக்கொண்டு போகிறார்கள். அவர்களுக்கு நான் சொல்வது இதுதான்: வார இறுதியில் புளோக்குக்குக் கீழே பிள்ளையை ஒப்படைக்கும்போது, "பணம் அனுப்பிட்டேன்னு உங்கம்மாகிட்ட சொல்லு," என்று அதன் தலையில் கட்டாதீர்கள்.

வீட்டில் அடி விழுகிறது என்றால் மேலே சொன்ன எதையும் செய்யவேண்டாம். அடிப்பவரையும் அடிபடுபவரையும் ஒரே சோபாவில் உட்காரவைத்துப் பேசச் சொல்வது ஆபத்து. இங்கே சொன்ன ஒரு வார்த்தைக்கு வீட்டில் பதில் கிடைக்கும். 1800-777-0000 என்ற வன்முறைத் தடுப்பு உதவி எண் 24 மணிநேரமும் உண்டு. தனிநபர் பாதுகாப்பு ஆணைக்கு நீதிமன்றத்தில் விண்ணப்பிக்கலாம். உயிர் போகிற அவசரம் என்றால் 999. முஸ்தபாவில் என் முழங்கையைப் பிடித்த அந்த அக்காவுக்கு அன்றே சொல்லியிருக்கவேண்டிய பதில் இது. பிள்ளையோ பெரியவரோ சாகவேண்டும் என்று பேசினால் தற்கொலைத் தடுப்பு உதவி எண் 1767ஐக் கூப்பிடுங்கள். தற்கொலை முயற்சி இங்கே 2020 ஜனவரி 1 முதல் குற்றம் இல்லை. போலீஸ் பிடித்துக்கொண்டு போகும் என்ற பழைய பயம் இனி வேண்டாம்.

"நம்மாளுங்ககிட்ட போனா தேக்கா பூராவும் தெரிஞ்சிடும்" என்பது நான் அடிக்கடி கேட்கும் இன்னொரு பயம். நியாயமான பயம்தான், நம் ஊர் சின்னது. நீங்கள் சொல்வதை நாங்கள் வெளியே சொல்லக்கூடாது. உயிருக்கு ஆபத்து, பிள்ளைக்குத் துன்புறுத்தல், நீதிமன்றக் கட்டளை போன்றவைதான் விதிவிலக்கு. அதை முதல் நாளே சொல்லிவிடவேண்டும். சொல்லாவிட்டால் கேளுங்கள். என்ன படித்தார், யார் மேற்பார்வையில் இருக்கிறார் என்றும் கேளுங்கள். ஆலோசகர் என்று பலகை மாட்டிக்கொள்ள இங்கே சட்டத்தில் தனி உரிமம் தேவையில்லை. தொலைக்காட்சியில் பார்த்த முகம் என்பது தகுதியே இல்லை, இதை நானே சொல்கிறேன். தனியாரிடம் போகக் கையில் காசில்லை என்றால், வட்டாரக் குடும்பச் சேவை நிலையத்தில் பெரும்பாலும் கட்டணம் இல்லை. பீட்டி சாலையில் இருக்கும் இந்தியர் மேம்பாட்டுச் சங்கமான சிண்டாவில் தமிழிலேயே பேசலாம்.

நாலாவது முறை வந்தபோது பாட்டி தண்ணீரை எடுத்துக் குடித்தார். நான் கண்டுகொள்ளாததுபோல் இருந்தேன். அம்மா, பாட்டியின் ஆபரேஷன் தேதியைப் பற்றி அப்பாவிடம் நேராகவே கேட்டார். அப்பாவும் பதில் சொன்னார். அதற்குமேல் இருவருக்கும் வார்த்தை கிடைக்கவில்லை. அறை அமைதியாகிவிட்டது.

படப்பிடிப்பில் ஒரு காட்சி முடிந்ததும் ஒலிப்பதிவாளர் எல்லாரையும் அசையாமல் நிற்கச் சொல்வார். யாரும் பேசாத அந்த அறையின் சத்தத்தை முப்பது விநாடி பதிவுசெய்வார். பிறகு வசனங்களை ஒட்டும்போது இடைவெளியில் வைக்க அது வேண்டும். ஏர்கான் சத்தம், தூரத்தில் போகும் பேருந்து. முப்பது விநாடி என்பது எவ்வளவு நீளம் என்று அங்கே நின்றால்தான் தெரியும்.

பாட்டி ஏதோ சொல்ல வாயெடுத்தார். "கொஞ்சம் பொறுங்க பாட்டி," என்று கையைக் காட்டினேன். மூலையில் பென்சில் உரசும் சத்தம் நின்றது. பையன் தலை நிமிர்த்தி அம்மாவைப் பார்த்தான், அப்பாவைப் பார்த்தான். யாரும் அவனைக் கூப்பிடவில்லை. திரும்பக் குனிந்து வண்ணம் தீட்ட ஆரம்பித்தான்.