யூஜின் ஏன் டகாலோக்கில் பேச வேண்டும்?

ஜப்பானில் அவன் பெயர் யூஸுகே. 1990களில் பிலிப்பைன்ஸில் பள்ளிக்குப் போன பிள்ளைகளுக்கு அவன் யூஜின். அவன் நாயகனாக வரும் 'யு யு ஹகுஷோ' என்ற ஜப்பானிய அனிமே (கார்ட்டூன்) தொடர் அங்கே 'கோஸ்ட் ஃபைட்டர்' ஆனது. குராமா டென்னிஸ் ஆனான், ஹியெய் வின்சென்ட் ஆனான், எல்லாரும் அந்நாட்டு மொழியான டகாலோக்கில் பேசினார்கள். இன்று அதே தொடரை மூலக் குரலோடு, பளிச்சென்ற படத்தோடு பார்க்க வசதி இருக்கிறது. ஆனாலும் அந்தத் தலைமுறையில் பலர் பழைய டகாலோக் டப்பிங்கைத்தான் தேடுகிறார்கள். படமும் கதையும் ஒன்றுதானே, அப்புறம் என்ன?

குரல்தான். டப்பிங் குரல் பிள்ளைகள் மனதில் அவ்வளவு இயல்பாகப் பதிந்ததற்கு வரைந்த விதமும் ஒரு காரணம். உதட்டசைவும் ஒலியும் முரண்பட்டால் மூளை குழம்பும். காதில் 'பா' விழும்போது திரையில் உதடு 'கா' என்று அசைந்தால், பலருக்கு 'டா' என்றே கேட்கும். 1976இல் விவரிக்கப்பட்ட இதற்கு மெக்கர்க் விளைவு என்று பெயர். தொலைக்காட்சி அனிமேயில் இந்தச் சிக்கல் குறைவு. செலவை மிச்சப்படுத்த வாயைப் பெரும்பாலும் திறந்தது, பாதி திறந்தது, மூடியது என்று சில வடிவங்களிலேயே வரைந்தார்கள். அந்த வாயில் எந்த மொழியும் பொருந்தும். பிள்ளைக்குச் சந்தேகமே வராது.

அடுத்தது உணர்ச்சி. இங்கேதான் விஷயம் சுவாரசியமாகிறது. 1985இல் ஜப்பானில் வந்த 'பிரின்சஸ் சாரா', டகாலோக்கில் அந்த நாட்டையே அழவைத்தது. 1995இல் அதை வைத்து டகாலோக்கில் படமே எடுத்தார்கள். அப்பா இறந்ததும் பரணில் தள்ளப்பட்டு, வேலைக்காரியாக்கப்படும் சிறுமி சாரா. அவளை வறுத்தெடுக்கும் தலைமையாசிரியை மிஸ் மின்ச்சின். கடுகடுப்பான ஆசிரியைக்கு அந்தப் பெயரே அங்கே பட்டப்பெயராகிவிட்டது.

அந்தத் திட்டு ஏன் அப்படி உறைத்தது? துருக்கி மொழியைத் தாய்மொழியாகவும் ஆங்கிலத்தை இரண்டாம் மொழியாகவும் கொண்டவர்களிடம் நடத்திய ஓர் ஆய்வு 2003இல் வெளியானது. தோலில் வியர்வை மாறுவதால் மின்கடத்தல் எவ்வளவு கூடுகிறது என்று அதில் அளந்தார்கள். சிறுவயதில் பெரியவர்கள் திட்டும் சொற்றொடர்களைத் தாய்மொழியில் கேட்டபோது உடல் பலமாக எதிர்வினை காட்டியது. ஆங்கிலத்தில் அந்த அளவு இல்லை. வீட்டில் டகாலோக் பேசிய பிள்ளைக்கும் மின்ச்சினின் அதட்டல் அப்படித்தான் இறங்கியிருக்கும் என்பது என் எண்ணம். உணர்ச்சி கிளர்ந்த நேரத்தில் மூளையில் உணர்ச்சியைக் கையாளும் அமிக்டலா, நினைவைப் பதியவைக்கும் ஹிப்போகாம்பஸை முடுக்கிவிடும். அதனால் அந்தக் காட்சி ஆழமாகத் தங்கிவிடும். செபுவானோ போன்ற வேறு மொழி பேசும் வீடுகளில் இந்தக் கணக்கு கொஞ்சம் மாறலாம்.

சரி, பதிந்தது திரும்ப எப்படி வெளியே வருகிறது? ஒரு நினைவு பதியும்போது சுற்றிலும் இருந்தவை, பின்னால் அதை எழுப்பும் தூண்டுகோல்கள் ஆகின்றன. 1970களில் உளவியலாளர் எண்டல் டல்விங் இதைத் தெளிவாக எடுத்துச் சொன்னார். மொழியும் அப்படி ஒரு தூண்டுகோல்தான். வியோரிகா மரியனும் உல்ரிக் நைசரும் 2000இல் வெளியிட்ட ஆய்வில், அமெரிக்காவில் குடியேறிய ரஷ்ய மொழிக்காரர்களிடம் இரண்டு மொழியிலும் பேட்டி எடுத்தார்கள். ரஷ்ய மொழியில் கேட்டால் ரஷ்ய மொழியில் நடந்த அனுபவங்கள் அதிகம் நினைவுக்கு வந்தன. ஆங்கிலத்தில் கேட்டால் ஆங்கிலத்தில் நடந்தவை. வளைகுடாவிலோ ஹாங்காங்கிலோ நாளெல்லாம் வேறு மொழி பேசி வேலை பார்க்கும் ஒரு பிலிப்பினோவுக்கு டகாலோக் டப்பிங்கில் யூஜின் தாக்கும்போது கத்தும் 'ரே கன்!' காதில் விழுந்தால், யூஜினோடு சேர்ந்து அன்றைய வீடும் பக்கத்தில் உட்கார்ந்திருந்த தம்பியும் வந்துவிடுவதற்கு இதுவே காரணம்.

அப்படியானால் எல்லாம் டகாலோக்கின் மாயமா? 'வோல்டஸ் ஃபைவ்' அப்படியில்லை என்கிறது. 1978இல் பிலிப்பைன்ஸ் பிள்ளைகள் இந்த ரோபோ தொடரை ஆங்கில டப்பிங்கில் பார்த்தார்கள். கடைசிப் பகுதிகள் வருவதற்குள் 1979இல் அதிபர் மார்கோஸின் அரசு தடை போட்டுவிட்டது. அதன் தொடக்கப் பாடல் மட்டும் ஜப்பானிய மொழியிலேயே ஒலித்தது. பொருள் தெரியாமலே அதை இன்றும் பாடுகிறவர்கள் அங்கே உண்டு. மெட்டும் தாளமும் அசைகளை வரிசை மாறாமல் கட்டிவைப்பதால் பொருள் இல்லாமலும் பாட்டு மனதில் நிற்கும். ஆக, மூளை தேடுவது அன்று காதில் விழுந்த அதே ஒலியை. 2023இல் பிலிப்பைன்ஸின் ஜிஎம்ஏ தொலைக்காட்சி இந்தத் தொடரை நடிகர்களை வைத்து எடுத்தபோது, வசனமெல்லாம் டகாலோக்கை அடிப்படையாகக் கொண்ட பிலிப்பினோ மொழியில் இருந்தது. பாடலை மட்டும் ஜப்பானிய மொழியிலேயே பாடவைத்தார்கள்.