செப்பம்: ஒருபக்கம் வளையாமையின் பெயர்

சில காலத்துக்கு முன்பு, ஒரு பேச்சுப் போட்டிக்கான விதிமுறைகளைத் திருத்தித் தரும் வேலை என்னிடம் வந்தது. அதில் ஒரு வரி: 'நடுவர்கள் நடுநிலை வகிக்க வேண்டும்.' பிழை எதுவும் இல்லை. ஆனாலும் அந்த வரியைத் தாண்டிப் போக முடியவில்லை. 'வாக்கெடுப்பில் சில நாடுகள் நடுநிலை வகித்தன' என்று செய்திகளில் படிக்கிறோம். அந்த நாடுகள் எந்தப் பக்கமும் வாக்களிக்காமல் ஒதுங்கி நின்றன என்று அதற்குப் பொருள். நடுவரும் அப்படி ஒதுங்கி நின்றால் முதல் பரிசு யாருக்கு என்று யார் சொல்வது? நடுவரின் வேலையே ஒருவரைத் தேர்ந்தெடுப்பதுதான். அவர் நடுவில் நிற்க வேண்டும் என்பதைவிட, தீர்ப்பு எந்தப் பக்கமும் சாய்ந்துவிடக் கூடாது என்பதுதான் நாம் கேட்பது. இதற்கென்றே தமிழில் ஒரு பழைய சொல் இருக்கிறது: செப்பம்.

இன்று இந்தச் சொல் இரண்டு இடங்களில்தான் உயிரோடு இருக்கிறது. குண்டும் குழியுமான சாலையைச் சரிசெய்வதைச் 'செப்பனிடுதல்' என்கிறோம். பதிப்பு வேலையில் இருப்பவர்கள் கைப்பிரதியைத் திருத்தி ஒழுங்காக்குவதைச் 'செப்பம் செய்தல்' என்கிறார்கள். 'செப்பமான நடை', 'செப்பமாக முடித்தான்' என்பவையும் அந்தப் பொருளில்தான் வருகின்றன. மேடுபள்ளம் இல்லாமல், பிசிறு இல்லாமல், ஒழுங்காக இருப்பது. செப்பன் என்பதும் செப்பம்தான். நலம் நலன் ஆவதுபோல இதுவும் ஆகும்.

அகராதியைத் திறந்தால் சொல் இன்னும் விரிகிறது. நேராக இருத்தல், சமமாக இருத்தல், செவ்விய வழி, தெரு, சீர்திருத்தம், இவற்றோடு நடுவுநிலைமை. தெருவுக்கும் தீர்ப்புக்கும் ஒரே சொல்லா என்று வியப்பாக இருக்கலாம். வேரைப் பார்த்தால் வியப்பு நீங்கிவிடும். செப்பம், செம்மையிலிருந்து பிறந்தது. செம்மைக்குச் சிவப்பு என்று ஒரு பொருள், நேராக இருத்தல் என்று இன்னொரு பொருள். செங்குத்து, செங்கோணம், செவ்வை, செவ்வனே, செந்நெறி ஆகிய எல்லாம் இரண்டாவது பொருளில் வருபவை. 90 பாகைக் கோணத்தைச் செங்கோணம் என்று சொல்லும்போது யாரும் சிவப்பை நினைப்பதில்லை. செங்கோலும் அப்படித்தான், சிவப்பு நிறக் கோல் அன்று, வளையாத கோல்.

ஒரு சின்ன எச்சரிக்கை. செப்பு என்றால் சொல்லுதல் என்று ஒரு பொருள், சிறு பாத்திரம் என்று ஒரு பொருள், செம்பு என்னும் உலோகம் என்று ஒரு பொருள் உண்டு. செப்பேடு செம்பிலிருந்து வந்தது. 'செப்பமாகச் செப்பினான்' என்று ஓசைக்காக எழுதலாம். ஆனால் இரண்டையும் ஒரே சொல்லாக எண்ணி விளக்கம் சொல்லிவிடக் கூடாது.

செப்பத்தின் எதிர்ச்சொல் கோட்டம். கோடுதல் என்றால் வளைதல். எதிர்ச்சொல்லைப் பார்த்தால்தான் இந்தச் சொல்லுக்குள் இருக்கும் படம் தெளிவாகத் தெரிகிறது. குறளின் 12ஆம் அதிகாரத்துக்கு 'நடுவு நிலைமை' என்று பெயர். ஆனால் உள்ளே உள்ள பத்துக் குறள்களிலும் நடு என்ற சொல் மட்டுமே வந்துகொண்டிருக்கவில்லை. மூன்றில் நடு வருகிறது. இரண்டில் செப்பம் வருகிறது. இரண்டில் கோடாமை வருகிறது. 119ஆம் குறளில் செப்பமும் கோட்டமும் எதிரெதிராகவே நிற்கின்றன:

சொற்கோட்டம் இல்லது செப்பம் ஒருதலையா
உட்கோட்டம் இன்மை பெறின்.

சொல்லில் வளைவு இல்லாமல் இருப்பது செப்பம். ஆனால் அது எப்போது செப்பமாகும் என்றால், உள்ளே மனத்தில் வளைவு இல்லை என்பது உறுதியாக இருக்கும்போதுதான். எனக்கு மிகவும் பிடித்த குறள்களில் இது ஒன்று. வாயால் நியாயமாகப் பேசிவிடுவது அப்படியொன்றும் கடினமில்லை. இரு தரப்புக்கும் ஒரே அளவு நேரம் கொடுத்து, ஒரே குரலில் பேசி, முடிவை மட்டும் முன்பே மனத்துக்குள் எடுத்து வைத்திருப்பவர்களை நாம் பார்த்திருக்கிறோம். அது சொற்செப்பம். வள்ளுவர் கேட்பது அதற்கு முந்திய இடத்தில் இருக்கும் செப்பத்தை. இங்கே செப்பம் என்பதற்கு நடுவு நிலைமை என்றே பரிமேலழகர் பொருள் எழுதுகிறார்.

இந்தக் கோட்டம் எவ்வளவு தூரம் கிளை விட்டிருக்கிறது என்று பார்த்தால் மலைப்பாக இருக்கும். கொடுமை என்ற சொல்லை எடுத்துக்கொள்ளுங்கள். அதன் பழைய பொருள்களில் ஒன்று வளைவு. கொடுவாள் வளைந்த வாள். கொடுந்தமிழ் என்பது கொடூரமான தமிழ் அன்று. செந்தமிழின் நேர்வழக்கிலிருந்து விலகி வளைந்த தமிழ். கொடுங்கோல் வளைந்த கோல். அரசன் நீதி தவறுவதைக் கோல் வளைவதாகவே தமிழ் பார்த்தது. ஆகவே கொடுமைக்காரன் என்று இன்று நாம் ஒருவரைச் சொல்லும்போது, அந்தச் சொல்லின் அடியில் 'வளைந்தவன்' என்பதும் கிடக்கிறது.

சிலப்பதிகாரத்தில் இந்தப் படம் அப்படியே நாடகமாகிறது. ஆராயாமல் கோவலனைக் கொல்லச் சொல்லிவிட்ட பாண்டியன், கண்ணகியின் சிலம்பு உடைந்து மாணிக்கம் தெறித்ததும், 'யானோ அரசன் யானே கள்வன்' என்று சொல்லி உயிரை விடுகிறான். அந்தச் செய்தி கேட்ட சேரன் செங்குட்டுவன் சொல்லும் வரிகள்:

வல்வினை வளைத்த கோலை மன்னவன்
செல்லுயிர் நிமிர்த்துச் செங்கோல் ஆக்கியது.

வளைந்துபோன கோலை, போகிற உயிர் நிமிர்த்தி நேராக்கியதாம். தவறிய நீதிக்கு மன்னன் கொடுத்த விலையை, ஒரு கோலை நிமிர்த்தும் செயலாகப் பார்க்கிறார் இளங்கோ. செம்மை என்றால் நேர் என்பது தெரியாமல் படித்தால் இந்த வரி பாதிதான் கிடைக்கும்.

அப்படியானால் நேராக இருப்பதெல்லாம் நல்லது, வளைந்ததெல்லாம் கெட்டது என்று ஆகிவிடுமா? ஆகாது. அதையும் வள்ளுவரே 279ஆம் குறளில் சொல்லிவிடுகிறார்:

கணைகொடிது யாழ்கோடு செவ்விதுஆங் கன்ன
வினைபடு பாலால் கொளல்.

அம்பு வடிவில் நேரானது, செயலில் கொடியது. யாழின் தண்டு வளைந்தது, செயலில் செவ்வியது. அதுபோல மனிதரையும் தோற்றத்தால் அன்றி, அவர்கள் செய்வதைக் கொண்டு மதிப்பிடு என்கிறார். இதுவரை பார்த்த வேர்களை மனத்தில் வைத்துக்கொண்டு இன்னொரு முறை படித்துப் பாருங்கள். நேரான அம்புக்கு 'கொடிது' என்ற சொல், அதாவது வளைவின் சொல். வளைந்த யாழுக்கு 'செவ்விது' என்ற சொல், அதாவது நேரின் சொல். வடிவத்துக்கு உரிய சொற்களை இடம் மாற்றிப் போட்டு, பண்பைப் பேச வைத்திருக்கிறார். செப்பம் என்பது விறைப்பாக நிற்பது அன்று என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை. எல்லோருக்கும் ஒரே விதியைக் கண்ணை மூடிக்கொண்டு நீட்டுகிறவர் அம்பைப் போல நேராக இருக்கலாம். செப்பமுடையவராக இருக்க வேண்டும் என்பதில்லை.

(கோடு என்ற சொல்லும் கவனிக்கத் தக்கது. வளைவு, கொம்பு, யானைத் தந்தம், மரக்கிளை என்றெல்லாம் பொருள் தந்த சொல் அது. இன்று வரையப்படும் கோட்டையும் அதுவே குறிக்கிறது. 'நேர்கோடு' என்று எழுதும்போதெல்லாம் நேரும் வளைவும் அருகருகே உட்கார்ந்திருக்கின்றன.)

சரி, நடுவுக்கு வருவோம். செப்பம் நேர்கோட்டின் படம் என்றால், நடு இடத்தின் படம். நடுவுக்கு எதிர் ஓரம். ஒருபக்கமாகப் பேசுவதற்கு 'ஓரம் சொல்லுதல்' என்று வழக்கு உண்டு. ஔவையாரின் நல்வழியில், மன்றத்தில் ஓரம் சொன்னவர் வீட்டில் வேதாளம் சேரும், வெள்ளெருக்குப் பூக்கும், மூதேவி வந்து குடியிருப்பாள் என்று ஒரு பாட்டு. இன்றும் பேசுகிற 'ஓரவஞ்சனை' இந்த வழியில் வந்ததுதான். ஒரு கண்ணில் வெண்ணெய், ஒரு கண்ணில் சுண்ணாம்பு என்று பழமொழி சொல்வதும் இதையே. பட்சபாதம், பாரபட்சம் என்பவற்றில் இருக்கும் பட்சம் வடசொல். பக்கம் என்று பொருள். பட்சபாதம் என்றால் ஒரு பக்கம் விழுதல். பாரபட்சம் என்ற சொல் வேண்டாம் என்று நினைப்பவர்கள் ஓரவஞ்சனையைத் தாராளமாக எழுதலாம். அதைவிடச் சுருக்கம் வேண்டுமானால் கோட்டம்.

நடுவின் பழைய படங்களில் எனக்கு மிகவும் அழகாகத் தெரிவது பட்டினப்பாலையில் இருக்கிறது. காவிரிப்பூம்பட்டினத்து வணிகர்களைப் பற்றி உருத்திரங்கண்ணனார் பாடுகிறார்: 'நெடுநுகத்துப் பகல்போல நடுவுநின்ற நன்னெஞ்சினோர்.' இங்கே பகல் என்பது நுகத்தடியின் நடுவில் இருக்கும் ஆணி. இரண்டு மாடுகளுக்கும் பாரம் சரியாகப் பகிர்ந்து போவது அந்த ஆணி நடுவில் நிற்பதால்தான். கொஞ்சம் தள்ளியிருந்தால் ஒரு மாட்டின் கழுத்தில் சுமை கூடிவிடும். அதனால்தான் அந்த வணிகர்கள் வாங்குவதை மிகுதியாக வாங்காமலும், கொடுப்பதைக் குறைவாகக் கொடுக்காமலும் இருந்தார்கள் என்று பாட்டு தொடர்கிறது. அந்த ஆணி சும்மா நடுவில் இருக்கவில்லை. இரு பக்கத்துச் சுமையையும் தாங்கிக்கொண்டு நிற்கிறது. இன்றைய 'நடுநிலை'யில் நாம் தொலைத்தது இந்தத் தாங்குதலைத்தான்.

வள்ளுவரின் துலாக்கோலும் இப்படித்தான். 'சமன்செய்து சீர்தூக்குங் கோல்போல் அமைந்தொருபால் கோடாமை' என்கிறார் 118ஆம் குறளில். துலாக்கோல் முதலில் தான் சமமாக நிற்கிறது. பிறகு தன்மேல் வைத்ததன் எடையைக் காட்டுகிறது. கனமான தட்டு இறங்கத்தான் செய்யும். இறங்கவே கூடாது என்றால் அது தராசு இல்லை. 'இரு தரப்பிலும் நியாயம் இருக்கிறது' என்று எல்லாச் சண்டையிலும் சொல்லிவிட்டு எழுந்து போகிறவரை நாம் நடுநிலையாளர் என்கிறோம். அவர் எதையும் நிறுத்துப் பார்க்காதவர்.

அப்படி ஒதுங்கி நிற்பதற்குத் தமிழில் தனியாக ஒரு சொல் இருக்கிறது: நொதுமல். நட்பும் இல்லாத பகையும் இல்லாத அயல் நிலை அது. நொதுமலர் என்றால் அயலார். நடுவு நிலைமை அதிகாரத்துக்குப் பரிமேலழகர் தரும் விளக்கத்தில் இந்தச் சொல் வரும் இடத்தைப் பாருங்கள். பகை, நொதுமல், நட்பு என்னும் மூன்று பகுதியிலும் அறத்தின் வழுவாது ஒப்ப நிற்கும் நிலைமைதான் நடுவு நிலைமை என்கிறார். அதாவது நொதுமல் என்பது தீர்ப்புச் சொல்பவருடைய குணம் அன்று; அவர் முன்னால் வந்து நிற்கக்கூடிய மூன்று வகை மனிதரில் ஒரு வகை. பகைவனிடமும் அயலானிடமும் நண்பனிடமும் ஒரே மாதிரி நிற்பது வேறு, யாருக்கும் எதுவும் ஆகாமல் இருப்பது வேறு. இந்த வேறுபாட்டை உரையாசிரியர் இத்தனை தெளிவாகப் பிரித்து வைத்திருக்க, நாம் இரண்டையும் 'நடுநிலை' என்ற ஒரே பைக்குள் போட்டுக் குழப்பிக்கொண்டோம்.

அதனால் என் பரிந்துரை இது. போரிலோ வாக்கெடுப்பிலோ எந்தப் பக்கமும் சேராமல் இருப்பதற்கு நொதுமல் பொருத்தமாக இருக்கும். மின்னேற்றம் இல்லாத நியூட்ரானுக்கு 'நொதுமி' என்று ஒரு பெயரை அறிவியல் தமிழில் ஏற்கெனவே ஆள்கிறார்கள். ஆகவே சொல் முழுக்க அன்னியமாக இராது. பழகியதால் நடுநிலைதான் வேண்டும் என்றால் அதை இந்தப் பொருளுக்கே விட்டுவிடலாம். தீர்ப்பு, தேர்வு, மதிப்பெண், பங்கீடு, செய்தி எழுதுதல் என்று முடிவு சொல்லியே ஆக வேண்டிய இடங்களில் செப்பம் வரட்டும்.

'நேர்மை இருக்கிறதே, அது போதாதா?' என்று கேட்கலாம். நேர் அருமையான சொல்தான். நேர்கோடு, நேரே, நேர்த்தி, நேர்காணல் என்று அதன் குடும்பமும் பெரிது. ஆனால் நேர்மை இன்று பெரும்பாலும் ஒருவருடைய தனிப்பட்ட ஒழுக்கத்தைச் சொல்கிறது: பொய் சொல்லமாட்டார், கையூட்டு வாங்கமாட்டார், கணக்கை மறைக்கமாட்டார். அப்படிப்பட்ட ஒருவர்கூடத் தன் பிள்ளையும் பக்கத்து வீட்டுப் பிள்ளையும் சண்டை போட்டால் தன் பிள்ளை பக்கம் சாயலாம், அதுவும் தனக்கே தெரியாமல். அவர் நேர்மையானவர், அந்த நேரத்தில் செப்பம் தவறிவிட்டார். வள்ளுவரின் 'உட்கோட்டம்' குறிப்பது இந்தத் தெரியாத சாய்வையும் சேர்த்துத்தான் என்று நான் நினைக்கிறேன்.

ஒரு நடைமுறைச் சிக்கல் இருக்கிறது. 'செப்பமான தீர்ப்பு' என்று எழுதினால், நன்றாக எழுதப்பட்ட தீர்ப்பு என்றும் படிக்கலாம், சாயாத தீர்ப்பு என்றும் படிக்கலாம். பதிப்புலகம் இந்தச் சொல்லைக் காப்பாற்றிய நன்றிக்கு நாம் கொடுக்கும் விலை அது. ஆளைச் சொல்லும்போது இந்தக் குழப்பம் வருவதில்லை. 'செப்பம் உடையவன்' என்று 112ஆம் குறளில் வள்ளுவர் சொன்ன வடிவத்தையே எடுத்துக்கொள்ளலாம்: செப்பமுடைய நடுவர், செப்பமுடைய ஆசிரியர். தீர்ப்பைச் சொல்லும்போது 'கோடாத தீர்ப்பு' என்றால் ஐயமே இல்லை.

அந்தப் போட்டி விதிமுறையில் கடைசியாக நான் எழுதிக் கொடுத்தது: 'நடுவர்கள் செப்பமுடையவர்களாக இருக்க வேண்டும், உறவு, நட்பு, பகை எதன் பக்கமும் கோடாமல் மதிப்பெண் வழங்க வேண்டும்.' செப்பம் என்றால் என்ன என்று அமைப்பாளர்களில் ஒருவர் கேட்டார். சாலையைச் செப்பனிடுகிறார்கள் இல்லையா, அதே சொல்தான் என்றேன். ஒரு நொடி யோசித்துவிட்டு, வரியை அப்படியே இருக்கட்டும் என்று சொல்லிவிட்டார்.